ஸ்கேன் ரிப்போர்ட்டை அலுமாரியில் வைக்க வேண்டாம்

ஆசிரியர் அவர்களுக்கு,

கொழும்பில் ஸ்கேன் பிரிவில் வேலை பார்த்து ஓய்வுபெற்றவன் நான். போன மாதம் எங்கள் வெள்ளவத்தை ஒழுங்கையில் இருக்கும் அக்கா ஒருவர் தன் சிடி ஸ்கேன் ரிப்போர்ட்டைக் காட்டினார். சிறுநீர்க்குழாயில் கல், வலது சிறுநீரகம் கொன்ட்ராஸ்ட் மருந்தைப் பிந்தி எடுக்கிறது என்று தெளிவாகவே எழுதியிருந்தார்கள். வலி குறைந்துவிட்டதால் அவர் வைத்தியரிடம் திரும்பப் போகவில்லை. கவுண்டரில் கவரைக் கொடுத்தவர்களும் ஒரு வார்த்தை சொல்லவில்லையாம்.

படம் தெளிவாகத் தெரிவதற்காக நரம்பில் ஏற்றும் அந்த கொன்ட்ராஸ்ட் என்ற அயடின் மருந்து இரண்டு சிறுநீரகத்திலும் ஒன்றுபோலப் பரவ வேண்டும். சுமார் 100 செக்கனில் எடுக்கும் படத்தில் இரண்டும் ஒரே சீராக வெள்ளையாகத் தெரியும். ஒரு பக்கம் பிந்தினால் அடைப்போ இரத்த ஓட்டக் குறைவோ இருக்கலாம். காய்ச்சலும் இருந்து, கோடு கோடாகத் தெரிந்தால் கிருமித் தொற்றைத்தான் முதலில் நினைப்போம். ஆப்பு வடிவில் ஒரு துண்டு கறுத்து, ஓரத்தில் மட்டும் மெல்லிய வெள்ளை மிஞ்சியிருந்தால் அந்த இடத்துக்கு இரத்தம் போகவில்லை என்ற சந்தேகம் வரும். சரி, படத்தை மட்டும் வைத்து முடிவு சொல்ல முடியாது. சிறுநீர்ப் பரிசோதனையையும், சிறுநீரகம் எப்படி வேலை செய்கிறது என்று காட்டும் கிரியேட்டினின் என்ற இரத்தப் பரிசோதனையையும் வைத்தியர் பார்க்க வேண்டும்.

ஆனால் அடைப்பு அப்படியே கிடந்தால் வலியே இல்லாமல் சிறுநீரகம் பழுதாகும். அதோடு காய்ச்சலும் சேர்ந்தால் விடியும்வரை பார்த்திருக்கக் கூடாது, அன்றிரவே ஆஸ்பத்திரிக்குப் போகவேண்டும்.

இப்படியான ரிப்போர்ட்டுகளின் கவரில் ‘தாமதிக்காமல் வைத்தியரைக் காணவும்’ என்று தமிழிலும் சிங்களத்திலும் ஒரு வரி ஒட்டிக் கொடுக்கும்படி ஸ்கேன் நிலையங்களை உங்கள் பத்திரிகை வாயிலாகக் கேட்டுக்கொள்கிறேன்.

ஓய்வுபெற்ற ஸ்கேன் பிரிவு ஊழியர்,
வெள்ளவத்தை, கொழும்பு 6