சங்கத் தேர்தல் தாவா மீது தீர்ப்பாணை வழங்கக் கோரும் மனு

அனுப்புநர்
'அ' வகுப்பு உறுப்பினர்,
தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கம்,
கன்னடியன் கால்வாய்ப் பாசனப் பகுதி,
சேரன்மகாதேவி வட்டம், திருநெல்வேலி மாவட்டம்.

பெறுநர்
உயர்திரு. கூட்டுறவுச் சங்கங்களின் மண்டல இணைப்பதிவாளர் அவர்கள்,
திருநெல்வேலி.

பொருள்: 2018 சங்கத் தேர்தலில் என் வேட்புமனு தள்ளுபடியானது குறித்துக் கொடுத்த தாவா (தகராறு மனு) மீது ஆணை பிறப்பிக்கவும், அடுத்த தேர்தலுக்கு முன் உறுப்பினர் பட்டியலைச் சரிசெய்யவும் வேண்டுதல் – தொடர்பாக.

ஐயா,

வணக்கம். எனக்கு ஒன்றரை ஏக்கர் நஞ்சை. கார், பிசானம் இரண்டுக்கும் உரம், பயிர்க்கடன், அவசரத்துக்கு நகைக்கடன் எல்லாமே எங்கள் ஊர்ச் சங்கத்தில்தான். என் தகப்பனாரும் அதே சங்கத்தில் உறுப்பினர். வட்டிக்கடைப் படி ஏறாமல் எங்கள் வீட்டில் இரண்டு தலைமுறை வெள்ளாமை செய்திருக்கிறது என்றால் அது அந்தச் சங்கத்தால்தான். யாரையும் பழிவாங்கும் எண்ணத்தில் இதை எழுதவில்லை.

2018இல் நிர்வாகக் குழு உறுப்பினர் பதவிக்கு வேட்புமனு கொடுத்தேன். பரிசீலனை முடிந்து சாயங்காலம் தகுதியானவர் பட்டியலை ஒட்டினார்கள். அதைப் பார்த்துவிட்டு வந்த பக்கத்து வயல்காரர்தான், "அண்ணாச்சி, போர்டுல உங்க பேரைக் காணலியே" என்றார். சைக்கிளை மிதித்துக்கொண்டு ஓடினேன். கேட்டதற்கு, "நீங்க தவணை தவறினவரு" என்று வாய்வார்த்தையாகச் சொன்னார்கள். வீட்டுக்குப் போய் டிரங்குப் பெட்டியைக் கிளறி, அசலும் வட்டியும் கட்டி நகையை மீட்ட ரசீதை எடுத்து வந்தேன். சங்கத்தின் ரப்பர் ஸ்டாம்பும் செயலாளர் கையெழுத்தும் அதில் தெளிவாக இருந்தன. மனுத்தாக்கலுக்கு மூன்று மாதம் முந்தைய தேதி. "பரிசீலனை முடிஞ்சு போச்சு" என்று சொல்லிக் கதவைச் சாத்திவிட்டார்கள். தள்ளுபடிக்கான காரணத்தை எழுத்தில் கேட்டேன். அதுவும் கிடைக்கவில்லை.

அந்த வருஷம் தமிழ்நாடு முழுவதும் பல கட்டங்களாக நடந்த கூட்டுறவுத் தேர்தல் பற்றி உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் வழக்குகள் குவிந்ததும், நடுவில் தேர்தலே நின்றுபோனதும் தாங்கள் அறிந்ததே. நானும் மதுரைக்குப் போகலாம் என்றுதான் நினைத்தேன். எனக்குத் தெரிந்த வக்கீல் நிதானமாக விளக்கினார். நாமக்கல் தொகுதியில் வேட்புமனு தள்ளுபடியான ஒருவர் தொடுத்த வழக்கில், தேர்தல் தொடங்கிய பிறகு நடுவில் கோர்ட் தலையிடாது, முடிந்த பிறகுதான் கேட்க முடியும் என்று உச்ச நீதிமன்றம் 1952லேயே சொல்லிவிட்டதாம். அது சட்டமன்றத் தேர்தல் வழக்கு. ஆனால் நம்முடைய 1983ஆம் ஆண்டுத் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் 90ஆம் பிரிவும் அதே வழியில்தான் போகிறது. முடிவு அறிவிக்கும்வரை தேர்தல் தாவாவை எடுக்கக் கூடாது, அறிவித்த பின் பதிவாளரிடம் கொண்டுபோக வேண்டும். சிவில் கோர்ட்டுக்கும் போக முடியாதபடி சட்டம் அடைத்து வைத்திருக்கிறது. ஆகவே என்னைப் போன்றவனுக்குத் திறந்திருப்பது கூட்டுறவுத் துறையின் கதவு ஒன்றுதான்.

அந்தக் கதவைத் தட்டினேன். முடிவு அறிவித்த சில நாட்களிலேயே ரசீது நகலோடு தாவா மனு கொடுத்தேன். இரண்டு வாய்தாவுக்கு நேரில் போனேன். முதல் முறை எதிர்த்தரப்பு வரவில்லை. இரண்டாம் முறை விசாரணை அதிகாரி மாறுதலில் போயிருந்தார். அதற்குப் பிறகு அழைப்பே இல்லை. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்டபோது "கோப்பு விசாரணையில் உள்ளது" என்று ஒற்றை வரிப் பதில் வந்தது. அது விசாரணையில் இருந்தபடியே 2023இல் அந்தக் குழுவின் ஐந்தாண்டுப் பதவிக்காலமும் முடிந்தது. இப்போது சங்கம், தேர்ந்தெடுத்த குழு இல்லாமல், அரசு நியமித்த தனி அலுவலர் பொறுப்பில் இருக்கிறது.

பதவிக்காலமே முடிந்துவிட்டதே, இனி ஆணை எதற்கு என்று தாங்கள் கேட்கலாம். பதவி எனக்கு இனி வேண்டாம். ஆனால் 'தவணை தவறியவர்' என்ற எழுத்து இன்னும் சங்கப் பதிவேட்டில் என் பெயருக்கு நேரே நிற்கிறது. நாளைக்குத் தேர்தல் அறிவித்தால் அதே பதிவேட்டைத்தான் எடுத்து மேஜையில் வைப்பார்கள். மறுபடியும் அதே பதிலைச் சொல்லி அனுப்புவார்கள். என் மனு சரியில்லை என்றே ஆணை வரட்டும். அதை எதிர்த்து, மாவட்ட நீதிபதி விசாரிக்கும் கூட்டுறவுத் தீர்ப்பாயத்தில் மேல்முறையீடு செய்துகொள்வேன். ஆணையே இல்லாமல் எதை எதிர்த்து மேலே போவேன், ஐயா?

இன்னொன்றும் மனதை உறுத்துகிறது. என் தகப்பனார் 2009இல் காலமானார். 2018 வாக்காளர் பட்டியலில் அவர் பெயர் இருந்தது. இறப்புச் சான்றிதழைக் காட்டி நீக்கச் சொன்னேன், நீக்கவில்லை. எங்கள் தெருவிலேயே ஏழெட்டுப் பெயர் அப்படி. மறுபக்கம், பங்குத்தொகை கட்டிப் பல வருஷம் கடன் வாங்கி அடைத்த பெண்கள் சிலர், தங்களை இணை உறுப்பினராக எழுதி வைத்திருப்பதைத் தேர்தல் அன்றுதான் தெரிந்துகொண்டார்கள். இணை உறுப்பினருக்கு ஓட்டு இல்லை. வரிசையில் நின்றுவிட்டுத் திரும்பிப் போனார்கள். தாவாக்கள் முளைப்பதே இந்தப் பட்டியலில்தான்.

அரசியல் சட்டத்தின் 97ஆவது திருத்தம் கூட்டுறவுத் தேர்தலுக்குக் காவலாக இருக்கும் என்று நம்பியிருந்தோம். கூட்டுறவுச் சங்கங்களுக்காக அது சேர்த்த 9-ஆ பகுதி, ஒன்றுக்கு மேற்பட்ட மாநிலங்களில் இயங்கும் சங்கங்களுக்கு மட்டுமே செல்லும் என்று உச்ச நீதிமன்றம் 2021 ஜூலையில் சொல்லிவிட்டது. ஊர்ச் சங்கத்து உறுப்பினருக்கு இனி மாநிலச் சட்டமும் அதை நடத்தும் தங்களைப் போன்ற அதிகாரிகளும்தான் துணை.

ஆகவே, என் தாவாவை ஒரு தேதி குறித்து விசாரித்து, சாதகமோ பாதகமோ, எழுத்தில் தீர்ப்பாணை தர வேண்டுகிறேன். இதே தேர்தல் பற்றி நிலுவையிலுள்ள மற்றவர்களின் மனுக்களையும் அடுத்த அறிவிப்புக்கு முன்பே முடித்துத் தர வேண்டும். உறுப்பினர் பட்டியலை இப்போதே சங்கத்திலும் ஊராட்சி அலுவலகத்திலும் ரேஷன் கடையிலும் ஒட்டி, சேர்க்கவும் நீக்கவும் ஒரு மாதமாவது அவகாசம் கொடுக்க உத்தரவிட வேண்டும். அடுத்த தேர்தலில் யாருடைய மனுவைத் தள்ளினாலும் அன்றைக்கே காரணத்தை எழுதி, கையெழுத்துப் போட்டு அவர் கையில் கொடுக்க வேண்டும் என்று தேர்தல் நடத்தும் அலுவலர்களுக்கு அறிவுறுத்துமாறு, மாநிலக் கூட்டுறவுத் தேர்தல் ஆணையத்துக்குத் தாங்கள் பரிந்துரை செய்ய வேண்டும்.

நகைக்கடன் ரசீது, தாவா மனு, தகவல் உரிமைப் பதில், தகப்பனாரின் இறப்புச் சான்றிதழ் ஆகியவற்றின் நகல்களை இணைத்துள்ளேன். அசல் ரசீது என்னிடம் பத்திரமாக உள்ளது. கூப்பிடும் நாளில் நேரில் கொண்டுவந்து காட்டுகிறேன்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
(ஒப்பம்)
சங்க உறுப்பினர்