சம்பந்தி வீட்டில் சொல்லிவிடு

அன்புள்ள பாப்பாவுக்கு,

அப்பா எழுதுவது. அன்றைக்கு நீ போனில் கேட்டதற்கு "அப்புறம் பேசலாம்மா" என்று சொல்லி வைத்துவிட்டேன். போனில் ஆரம்பித்தால் பாதியில் நிறுத்திவிடுவேன் என்று தெரியும், அதனால்தான் கடிதம். அப்பா மிலிட்டரியில் இருந்தவர் என்று நீ சொன்னதும் அங்கே டொராண்டோவில் நீ கட்டிக்கொள்ளப் போகிற தம்பியின் அம்மா, யாழ்ப்பாணத்தில் சண்டையை அனுபவித்தவர்கள், கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார்கள், பிறகு "எந்த வருசம்?" என்று மட்டும் கேட்டார்கள் என்றாய். என்ன சொல்லட்டும் என்று என்னிடம் கேட்டாய்.

உள்ளதைச் சொல்லு. 87 அக்டோபரில் புலிகளோடு சண்டை ஆரம்பித்தபோது அப்பா யாழ்ப்பாணத்தில் இருந்தார், இலங்கைக்குப் போன இந்திய அமைதிப்படையில், மெட்ராஸ் ரெஜிமெண்ட் சிப்பாயாக. அப்போது அவருக்கு இருபத்திரண்டு வயது. கூடவே இன்னொன்றையும் சொல்லிவிடு: அப்பாவுக்குப் பிடிஎஸ்டி, அதாவது போர் மாதிரி பெரிய அதிர்ச்சிக்குப் பிறகு மனதில் தங்கிவிடுகிற நோய், இருக்கிறது, மாத்திரை சாப்பிடுகிறார், டாக்டரிடம் போகிறார். இரண்டும் தெரிந்த பிறகு அவர்கள் சம்மதம் சொல்லட்டும். மறைத்து ஒரு கல்யாணம் நமக்கு வேண்டாம்.

இரண்டாவது விஷயம் உனக்கே அரைகுறையாகத்தான் தெரியும். அதனால் முதலில் அது.

சின்ன வயதில் நீ என்னிடம் பார்த்ததெல்லாம் ஒரே நோயின் பல முகங்கள்தான். வேலூரிலிருந்து வரும் பஸ்ஸில் ஒவ்வொரு மதகு வரும்போதும் நான் இரண்டு காலையும் தரையிலிருந்து தூக்கிக்கொள்வேன். நீயும் அதை விளையாட்டு என்று நினைத்துக்கொண்டு தூக்குவாய். ஹோட்டலில் வாசலைப் பார்த்த நாற்காலிதான் எனக்கு வேண்டும். தீபாவளிக்கு முந்தின நாளே ஜவ்வாது மலைப் பக்கம் கிளம்பிவிடுவேன். உனக்குக் கம்பி மத்தாப்பு வாங்கிக் கொடுத்தது எல்லாம் உன் மாமாதான். ரிடையராகி வந்ததும் எத்தனையோ வேலை இருக்க, பேங்க்கில் ராத்திரி செக்யூரிட்டி வேலையாகப் பார்த்துச் சேர்ந்தேன். எப்படியும் தூக்கம் கிடையாது, சம்பளத்தோடு விழித்திருக்கலாமே.

அம்மா செய்ததை நீ கவனித்திருக்க மாட்டாய். தூங்கும்போது என்னை எழுப்ப வேண்டும் என்றால் அவள் தொடவே மாட்டாள். கட்டிலின் கால்மாட்டில், கை எட்டாத தூரத்தில் நின்றுகொண்டு பெயரைச் சொல்லிக் கூப்பிடுவாள். ஆமாம், எல்லார் முன்னாலும் "ஏங்க" என்பவள், அப்போது மட்டும் பெயர் சொல்லுவாள். கல்யாணமான புதிதில் தோளைத் தொட்டு எழுப்பி என்ன ஆனது என்பது எங்கள் இருவருக்கும் தெரியும். அப்புறம் யாரும் சொல்லிக்கொடுக்காமலே அவளாகக் கண்டுபிடித்த முறை இது. என் டாக்டர் கேட்டுவிட்டு, "நாங்களும் இதைத்தான் சொல்லுவோம்" என்றார்.

ஊரில் இதற்கெல்லாம் வேறு விளக்கங்கள் இருந்தன. "மிலிட்டரிக்காரன் கோபம்" என்றார்கள். கேன்டீன் ரம் கோட்டாவை நான் மாதம் தவறாமல் தீர்த்ததற்கு "பட்டாளத்துப் பழக்கம்" என்றார்கள். உன் பாட்டி காத்துக் கருப்பு என்று முடிவுகட்டி, தாயத்துக் கட்டி, மந்திரித்த தண்ணீர் குடிக்க வைத்தாள். பாவம், அவளால் முடிந்தது அது.

பெரியவர்களும் ஒன்றும் பெரிதாகப் புரிந்துகொண்டுவிடவில்லை. முதல் உலகப் போரில் குண்டு மழைக்கு நடுவே கிடந்து கை கால் உதறலெடுத்து, பேச்சு நின்று போன சிப்பாய்களுக்கு 'ஷெல் ஷாக்' என்று பெயர் வைத்தார்கள். குண்டு வெடித்த அதிர்வில் மூளை குலுங்கிவிட்டது என்பது ஆரம்பத்தில் அவர்கள் கணக்கு. குண்டு விழாத இடத்தில் இருந்தவனுக்கும் அது வந்ததும் கோழை என்றார்கள். ஓடிப்போனான், பயந்தான் என்று பிரிட்டிஷ் ராணுவம் தன் ஆட்களில் 306 பேரைச் சுட்டுக் கொன்றது; அவர்களில் சிலருக்காவது இந்த நோய் இருந்திருக்கும். 2006-இல்தான் மன்னிப்பு வழங்கினார்கள். பெற்றவர்கள் யாரும் அதுவரை உயிரோடு இருந்திருக்க முடியாது. வியட்நாமிலிருந்து திரும்பிய அமெரிக்கச் சிப்பாய்களும் அவர்களுக்காகப் பேசிய டாக்டர்களும் போராடித்தான், 1980-இல் அமெரிக்க மனநல மருத்துவர்களின் கையேட்டில் பிடிஎஸ்டி என்று இது ஏறியது. அதாவது, நான் யாழ்ப்பாணம் போவதற்கு ஏழு வருடம் முன்பே நோய்க்குப் பெயர் இருந்தது. எங்களில் எவன் காதிலும் அது விழவில்லை, அவ்வளவுதான்.

போருக்குப் போன எல்லாருக்கும் இது வருவதில்லை. என்னோடு அதே ரோட்டில் நடந்தவர்கள் நிறையப் பேர் நிம்மதியாகத் தூங்குகிறார்கள். எனக்கு வந்தது. உடம்பின் காவல்காரன் டியூட்டி மாறாமல் நின்றுகொண்டே இருக்கிறான் என்று வைத்துக்கொள். சண்டை முடிந்துவிட்டது என்று அவனிடம் வந்து சொல்ல ஆள் இல்லை. அதனால்தான் எப்போதோ நடந்தது பழைய ஞாபகமாக வராமல், இப்போது நடப்பதாகவே வருகிறது. வாசனை உட்பட.

சரி, என்ன நடந்தது என்பதற்கு வருகிறேன். உரும்பிராய் பக்கம் ரோட்டோரமாக வரிசையில் போய்க்கொண்டிருந்தோம். இரண்டு பக்கமும் பனையோலை வேலி, செம்மண், மழை பெய்து விட்டிருந்தது. ஒருவருக்கொருவர் பத்துத் தப்படி இடைவெளி. எனக்கு முன்னால் போனவன் தர்மபுரிக்காரன், வெல்லிங்டனில் டிரெயினிங்கிலிருந்தே பக்கத்துக் கட்டில். தீப்பெட்டி நனைந்துவிட்டது, உன்னுடையதைக் கொடு என்று திரும்பிக் கேட்டான். மதகில் போய் வாங்கிக்கோ என்று சொன்னேன். மதகுக்கு அடியில் கண்ணிவெடி. அதற்கு மேல் இந்தக் கடிதத்தில் வேண்டாம்.

ஆனால் கனவில் வருவது அது இல்லை. இதுதான் டாக்டரிடம் சொல்லும் வரை எனக்கே பிடிபடாத விஷயம். அதற்குப் பிறகு சுற்றுவட்டாரத்து வீடுகளில் தேடுதல் நடந்தது. ஒரு வீட்டில் கிணற்றடியில் ஒரு கிழவி. நாங்கள் இரண்டு பேர் எங்களுக்குள் பேசிக்கொண்டது காதில் விழுந்துவிட்டது போல. கிட்டே வந்து என் முகத்தை உற்றுப் பார்த்து, "ராசா, நீ தமிழ்ப் பிள்ளையோ?" என்று கேட்டாள். அவள் மகனை விசாரணைக்கு லாரியில் ஏற்றியிருந்தார்கள். நான் சொன்னால் விட்டுவிடுவார்கள் என்று நினைத்திருப்பாள். ஒரு சிப்பாய் சொல்லி என்ன நடக்கும்? நான் பதில் சொல்லவில்லை. அந்தப் பையன் திரும்பி வந்தானா என்பதும் எனக்குத் தெரியாது. முப்பது வருடத்துக்கும் மேலாக ராத்திரியில் வருவது அந்தக் கிழவிதான். வெடிச் சத்தம் இல்லை, ஒன்றும் இல்லை, அவள் சும்மா பார்த்துக்கொண்டு நிற்பாள், நான் வேர்த்து எழுந்திருப்பேன்.

பயம் மட்டும் இந்த நோயை உண்டாக்குவதில்லை, குற்றவுணர்ச்சியும் வெட்கமும் கூட அதே அளவுக்கு ஆளைப் பிடித்து வைக்கும் என்று டாக்டர் சொன்னார். ராணுவத்து ஆட்களிடம் அது அதிகம் பார்க்கலாமாம்.

அவரிடம் போனதே சர்க்கரையால்தான். முன்னாள் ராணுவத்தினருக்கான இசிஹெச்எஸ் பாலிகிளினிக்கில் சுகர் குறையவே இல்லை என்று, எவ்வளவு நேரம் தூங்குகிறீர்கள் என்று கேட்டார்கள். கேட்ட பெண் டாக்டருக்கு உன் வயதுதான் இருக்கும். ஏனோ அவரிடம் உண்மையைச் சொன்னேன். மனநல டாக்டருக்கு எழுதிக் கொடுத்தார். தூக்க மாத்திரை கிடைக்கும் என்று போனேன். அதுதான் கிடையாது என்றுவிட்டார். இந்த நோய்க்குத் தூக்க மாத்திரை பழக்கமாகிக் கெடுதலே செய்யும் என்று, மனச்சோர்வுக்கும் பதற்றத்துக்கும் கொடுக்கிற செர்ட்ராலின் மாத்திரையை எழுதினார். ரம்மை நிறுத்தச் சொன்னார். (கோட்டாவை இப்போது வாங்குவதே இல்லை. உன் மாமாவுக்குத்தான் வருத்தம்.)

மாத்திரையைவிட வேலை செய்தது பேச்சு. சும்மா ஆறுதல் பேச்சு இல்லை. கண்ணை மூடிக்கொண்டு அந்த நாளை, 'போகிறேன், கேட்கிறான், திரும்புகிறான்' என்று இப்போது நடப்பது போலவே ஆரம்பம் முதல் முடிவு வரை வாய்விட்டுச் சொல்ல வேண்டும். முடித்ததும் மறுபடி முதலிலிருந்து. நடுநடுவே, பதற்றம் நூற்றுக்கு எவ்வளவு என்று கேட்பார்கள். அதைப் போனில் பதிவு செய்து கொடுத்து, வீட்டில் தினமும் கேட்கச் சொன்னார்கள். மொட்டைமாடியில் தண்ணீர் டேங்க் பக்கத்தில் உட்கார்ந்து என் குரலை நானே கேட்பேன். முதல் வாரம் செத்துவிடலாம் போல இருந்தது. இரண்டு முறை போகாமல் நின்றுவிடவும் பார்த்தேன். பிறகு ஒரு நாள், கேட்டுக்கொண்டிருக்கும்போதே எனக்குக் கொட்டாவி வந்தது. சிரிக்காதே. டாக்டரிடம் சொன்னபோது அவர் சந்தோஷப்பட்டார். வீட்டுப்பாடத்தின் இன்னொரு பகுதி மதகு. முதலில் தூரத்தில் நின்று பார்ப்பது, பிறகு கிட்டே போவது, அப்புறம் அதன் மேலேயே நிற்பது, பதற்றம் தானாக இறங்கும் வரை. அம்மா கூட வருவாள். எதிரில் வருகிறவர்கள் பஸ்ஸுக்கு நிற்கிறோம் என்று நினைத்து, "இங்க நிக்காதுண்ணா" என்று சொல்லிவிட்டுப் போவார்கள்.

முழுக்கப் போய்விட்டது என்று சொல்ல மாட்டேன். கிழவி இன்னும் வருகிறாள், முன்னைப் போல அடிக்கடி இல்லை. இப்போது பஸ்ஸில் காலைக் கீழே வைத்துத்தான் உட்காருகிறேன்.

நான் ஒரு விஷயத்தில் பிடிவாதமாக இருக்கிறேன், அதைத் தம்பி வீட்டிலும் சரியாகச் சொல்லு. சினிமாவில் காட்டுகிற மாதிரி, பழைய பட்டாளத்துக்காரன் என்றால் திடீரென்று துப்பாக்கியைத் தூக்குவான் என்பதெல்லாம் இல்லை. எங்களில் பெரும்பாலானவர்கள் அடுத்தவருக்குச் செய்வது ஒன்றும் இல்லை; ஒதுங்கிப் போவோம், குடிப்போம், பேசாமல் இருப்போம். அதே மாதிரி, தியாகி என்று மாலை போடவும் வேண்டாம். 90 மார்ச்சில் கடைசிப் படை மெட்ராஸ் வந்து இறங்கியபோது முதலமைச்சர் கலைஞர் வரவேற்கப் போகவில்லை. எனக்கும் நம்ம ஊர் டீக்கடையில், "சொந்த சனத்தையே சுட்டுட்டு வந்தவன்" என்று காதுபடச் சொன்னார்கள். அப்புறம் கார்கில் வந்தது, அதே ஆட்கள் என்னை நிறுத்தி, நீங்கள் கார்கிலில் இருந்தீர்களா என்று கேட்டார்கள். ஆயிரத்து நூறு பேருக்கு மேல் திரும்பி வராத ஒரு சண்டையில் இருந்தவன், அதைப் பற்றி வாயே திறக்காமல் சொந்த ஊரில் இருந்தேன். இது எந்த நோயையும் வளர்க்கும், டாக்டர் சொல்லத் தேவையில்லை.

ஆனால் அந்த அம்மாவின் கணக்கு என் கணக்கைவிடப் பெரியது. அதை மறக்காதே. எனக்குப் போஸ்டிங் முடிந்து லீவு கிடைத்தது, வீடு இருந்தது. அவர்களுக்குச் சண்டை வந்ததே வீட்டுக்குள்தான். அந்த 87 தீபாவளி அன்றைக்குத்தான் யாழ்ப்பாணம் ஆஸ்பத்திரிக்குள் படை புகுந்து, டாக்டர்கள், நர்ஸ்கள், நோயாளிகள் என்று அத்தனை பேர் செத்தார்கள். நான் அங்கே இல்லை. இருந்த படை என் படை. அந்த அம்மாவுக்கு இன்னும் ஹெலிகாப்டர் சத்தம் கேட்டால் கை நடுங்குகிறது என்று நீ சொன்னாயே, அதுவும் இதே நோயாக இருக்கலாம். யாழ்ப்பாணத்திலேயே இருந்து பொதுமக்களுக்கு இதற்கு வைத்தியம் பார்த்த தயா சோமசுந்தரம் என்ற டாக்டரைப் பற்றி என் டாக்டர்தான் சொன்னார். டொராண்டோவில் தமிழ் பேசுகிற மனநல டாக்டர்கள் இருப்பார்கள். அதை நீயாகப் போய்ச் சொல்லாதே, மருமகளாக வருவதற்கு முன்பே புத்தி சொல்கிறாள் என்றாகிவிடும். அந்தத் தம்பியிடம் சொல்லி வை, அவர் பார்த்துக்கொள்வார்.

நான் மன்னிப்புக் கேட்டுக் கடிதம் எழுத வேண்டுமா என்றும் யோசித்தேன். வேண்டாம் என்று தோன்றியது. நான் மன்னிப்புக் கேட்டால் அவர்கள் பதில் சொல்லியாக வேண்டும். பெண் எடுக்கிற வீட்டில் அவர்களை அப்படி ஒரு இக்கட்டில் நிறுத்தக் கூடாது. அவர்களாக என்ன கேட்டாலும் பதில் சொல்வேன், எந்த ஊரில் இருந்தேன், என்ன பார்த்தேன், எல்லாம். கேட்கவே வேண்டாம் என்று நினைத்தால் அதுவும் சரி. இந்தச் சம்பந்தமே வேண்டாம் என்று அவர்கள் சொன்னால் மட்டும் எனக்காக நீ அவர்களிடம் கோபப்படாதே.

ஒத்துவந்தால், சில ஏற்பாடு. மாப்பிள்ளை அழைப்புக்கு வெடி கூடாது, எங்கள் பக்கத்தில் நான் சொல்லிவிடுகிறேன். மண்டபத்தில் எனக்குக் கடைசி வரிசையில் கதவோரம் ஒரு நாற்காலி போதும். தாரை வார்க்கும் நேரத்துக்கு மேடைக்கு வந்துவிடுவேன். மேளம் பரவாயில்லை, பழகிவிட்டது. ஞாயிற்றுக்கிழமை உங்களுக்குக் காலை ஒன்பது மணி என்றால் இங்கே சாயங்காலம். அந்த நேரம் நான் வீட்டில்தான் இருப்பேன். அந்த அம்மாவுக்குப் பேச விருப்பம் என்றால் வீடியோவில் கூப்பிடு, நீயும் தம்பியும் கூட இருங்கள். பாஸ்போர்ட் புதுப்பிக்கக் கொடுத்திருக்கிறேன். செர்ட்ராலின் கொண்டு வருவதற்கு டாக்டர் சீட்டு இங்கிலீஷில் போதுமா என்று விசாரித்து எழுது.

அன்புடன்,
அப்பா