அடியை நிறுத்திய முதல் வாரம்

ஆசிரியர் அவர்களுக்கு,

'அடித்தால்தான் பிள்ளை அடங்கும்' என்று சொல்பவர்கள் கண்ணால் கண்டதைத்தான் சொல்கிறார்கள். முதுகில் ஒன்று விழுந்ததும் சேட்டை நின்றுவிடுகிறது. அந்த உடனடிப் பலன்தான் பெற்றோரை ஏமாற்றுகிறது. அதே சேட்டை மறுநாள் கதவுக்குப் பின்னால் நடக்கும்; கேட்டால் 'நான் இல்லை' என்று பதில் வரும். அடிக்குத் தப்ப அந்தப் பிள்ளைக்குத் தெரிந்த வழி அதுதான்.

அமெரிக்க ஆய்வாளர்களான எலிசபெத் கெர்ஷாஃப், ஆண்ட்ரூ க்ரோகன் கெய்லர் இருவரும் 1,60,000-க்கும் அதிகமான குழந்தைகளைப் பற்றிய 75 ஆய்வுகளைத் தொகுத்து 2016-இல் முடிவுகளை வெளியிட்டார்கள். கடுமையான அடியை விட்டுவிட்டு, கையால் போடும் சாதாரண அடியைத்தான் ஆராய்ந்தார்கள். அதற்கே முரட்டுத்தனம், மனநலப் பிரச்சினைகள், பெற்றோருடன் ஒட்டாமை ஆகியவற்றோடு தொடர்பு தெரிந்தது. 'முரட்டுப் பிள்ளைதானே அதிகம் அடி வாங்கும்?' என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. குழந்தைகளைக் காலப்போக்கில் தொடர்ந்து கவனித்த 69 ஆய்வுகளை 2021-இல் 'லான்செட்' மருத்துவ இதழ்க் கட்டுரை ஒன்று அலசியது. அடி வாங்கிய குழந்தைகளிடம் நடத்தைக் கோளாறு நாளடைவில் கூடியதே தவிர, அடியால் நடத்தை சீரானதாகத் தெரியவில்லை.

சரி, அடிக்காமல் என்ன செய்வது? அடுத்த அறையிலிருந்து கத்தாதீர்கள். பக்கத்தில் போய்க் குனிந்து, கண்ணைப் பார்த்து, ஒரே ஒரு வேலையைச் சொல்லுங்கள்: 'பொம்மையைக் கூடையில் போடு.' சொல்லிவிட்டு ஐந்து விநாடி வாயைத் திறக்காமல் இருங்கள் (கடினம்தான்). செய்தால், 'சொன்னதும் எடுத்து வைத்தாயே' என்று செய்ததைக் குறிப்பிட்டுப் பாராட்டுங்கள். வெறும் 'சமத்து' போதாது. செய்யாவிட்டால் இன்னொரு முறை சொல்லலாம். அதற்கும் அசையாவிட்டால் அன்றைக்கு அந்தப் பொம்மை கிடையாது. ஒரு வாரத்துக்குப் பறித்து வைத்தால், எதற்காகப் பறித்தோம் என்பதே மூன்று வயதுப் பிள்ளைக்கு மறந்துபோகும்.

பலர் கைவிடுவது முதல் வாரத்தில்தான். அழுது புரண்டு காரியம் சாதித்த பிள்ளை, அது பலிக்காதபோது முன்னைவிட உரக்க அழும். 'அடியை நிறுத்தினோம், தலைமேல் ஏறிவிட்டான்' என்று தோன்றும். பழைய வழி வேலை செய்யவில்லை என்பதைப் பிள்ளை சோதித்துப் பார்க்கும் கட்டம் இது. இங்கே விட்டுக்கொடுத்தால், இன்னும் உரக்க அழுதால் கிடைக்கும் என்று கற்றுக்கொள்ளும். வீட்டில் ஒருவர் மறுத்ததை இன்னொருவர் ரகசியமாகக் கொடுத்தாலும் இதே கதிதான்.

கோபத்தில் கை நீண்டுவிட்டால், ஆறியபின் 'அடித்தது என் தப்பு' என்று சொல்லிவிடுங்கள். பொம்மையை எடுத்து வைக்கும் வேலை மட்டும் அப்படியே இருக்கட்டும்.

இப்படிக்கு,
குழந்தை நல ஆலோசகர்கள் சிலர்