அம்முவுக்கு, ஜஸ்ஸியோட ஒரிஜினல் கதை பத்தி

அம்மு,

ஜஸ்ஸி சீரியல் ஞாபகம் இருக்காம்மான்னு கேட்டியே, இல்லாம என்ன, 2003ல சோனில வந்தப்ப நம்ம செம்பூர் பில்டிங்ல எல்லா வீட்லயும் அதுதான் ஓடும். அதோட ஒரிஜினல் கொலம்பியா நாட்டுது, யோ சோய் பெட்டி லா ஃபேயான்னு பேரு, 1999ல இருந்து 2001 வரைக்கும் ஆர்சிஎன் சேனல்ல வந்துச்சு, எழுதினவர் ஃபெர்னாண்டோ கைத்தான்ங்கிறவர். இப்போ அதத்தான் சப்டைட்டில் போட்டு பாத்துட்டு இருக்கேன், உனக்கு சொல்லியே ஆகணும்னு தோணுச்சு.

அந்த ஊர்ல அழகுப் போட்டின்னா அப்போல்லாம் திருவிழா மாதிரிடி, கார்த்தஹேனால மிஸ் கொலம்பியா நடந்தா நாடே டிவி முன்னாடி உக்காரும், அப்படிப்பட்ட இடத்துல பல்லுல கம்பி, தடி கண்ணாடி, மேல் உதட்டுல பூனை மீசைன்னு பெட்டிங்கிற ஒரு பொண்ண ஹீரோயினா கொண்டு வந்து நிறுத்துறாங்க. எகனாமிக்ஸ் படிச்சவ, ஃபைனான்ஸ்ல புலி, ஆனா போட்டோ வச்சு அனுப்பினா யாரும் கூப்பிட மாட்டாங்கன்னு ரெஸ்யூம்ல போட்டோவே வைக்காம அனுப்புறா. ஈகோமோடான்னு ஒரு ஃபேஷன் கம்பெனில செக்ரட்டரி வேலைதான் கிடைக்குது, அதுவும் எம்டி அர்மாண்டோவோட ரூமுக்குள்ள ஸ்டோர் ரூம் மாதிரி ஒரு பொந்து, ஜன்னல் கூட இல்ல, அங்க உக்காந்துதான் கம்பெனியோட மொத்த கடனையும் கணக்கு பாக்குறா. அதே ஆபீஸ்ல பட்ரீஷியான்னு ஒரு அழகி, காலேஜ்ல ஆறு செமஸ்டர் ஃபைனான்ஸ் படிச்சேன்னு எல்லார்கிட்டயும் சொல்லிட்டே திரிவா, ஒரு கணக்கு ஒழுங்கா வராது, ஆனா டேபிள் வெளிய, எல்லார் கண்ணுலயும் படுற மாதிரி. இந்த ரெண்டு டேபிளையும் மாத்தி மாத்தி காட்டும்போது எனக்கு வயிறு எரிஞ்சுது.

கல்யாண ப்ரொஃபைலுக்கு எடுத்த போட்டோல ஸ்டுடியோகாரர் உன் நிறத்த ரெண்டு ஷேட் ஏத்தி குடுத்திருக்கார், அதையே அனுப்பலாமான்னு கேட்ட இல்ல? வேண்டாம்டா. அத பாத்துட்டு வர்றவங்க உன்ன பாக்க வரல, அந்த கலர பாக்க வராங்க.

கடைசில அவளும் அழகாதான மாறுறான்னு நீ கேப்ப. ஆமா, அதுல எனக்கும் மனத்தாங்கல்தான். ஆனா அந்த மாற்றம் எங்க ஆரம்பிக்குது தெரியுமா, அர்மாண்டோ காதலிக்கிறதா நடிச்சு ஏமாத்தினது தெரியுற லெட்டர் கையில சிக்கினதுக்கு அப்புறம் கார்த்தஹேனாக்கு போறா, அதே அழகுப் போட்டி நடக்குற இடத்துக்கு, கேட்டலினான்னு ஒரு பிஆர்ஓவுக்கு அசிஸ்டென்ட்டா. திரும்பி வந்ததும் கம்பெனி பிரசிடென்ட் சீட்ல உக்கார வைக்கிறாங்க, அது புது ஹேர்ஸ்டைலுக்காக இல்லடி, அந்த கடன் கணக்க அவள விட்டா தெரிஞ்ச ஆளே இல்ல. ஜஸ்ஸி, அமெரிக்கால அக்லி பெட்டி, மெக்சிகோல ஒண்ணுன்னு ஊர் ஊரா ரீமேக் பண்ணாங்க, எல்லாரும் பேசினது அந்த மேக்கோவர் பத்திதான், எனக்கு என்னவோ அந்த பொந்து ரூம் எபிசோடுகள்தான் உசத்தி.

இன்னொண்ணு, அவளுக்கு ஒரு கேங் இருக்கு, ஆபீஸ்ல வேலை பாக்குற சாதாரண பொண்ணுங்க, குண்டா ஒருத்தி, ரொம்ப உயரமா ஒருத்தி, வயசான தையல்கார அம்மா இனெஸ், அசிங்கமானவங்க படைன்னு பேரு, பாத்ரூம்ல கூடி பேசுவாங்க. சீரியலோட உயிரே அவங்கதான்.

335 எபிசோடு, முழுசா பாக்க உனக்கு நேரம் இருக்காது. கார்த்தஹேனாக்கு போற வரைக்கும் பாரு, பாத்துட்டு ஞாயித்துக்கிழமை போன் பண்ணு, அர்மாண்டோவ மன்னிக்கலாமா கூடாதான்னு உங்க அப்பாகிட்ட எனக்கு தினம் சண்டை, நீ என் பக்கம் பேசணும்.

அம்மா