மாப்பிள்ளை வீடு திரும்பும்போது

அன்பு மகளுக்கு,

போர்க்கைதியாக இருந்த மாப்பிள்ளை விடுதலையாகி ராணுவ ஆஸ்பத்திரிக்கு வந்துவிட்டார் என்றதும் உனக்குக் கை பரபரக்கும். பிடித்ததையெல்லாம் சமைத்து எடுத்துக்கொண்டு ஓடாதே அம்மா. நாள்கணக்கில் பட்டினி கிடந்த உடம்புக்கு முதல் பத்து நாள் சாப்பாடே ஆபத்து. திடீரென்று வயிறு நிறையச் சாப்பிட்டால் இன்சுலின் ஏறும்; இரத்தத்திலிருக்கும் பாஸ்பேட், பொட்டாசியம், மக்னீசியம் எல்லாம் செல்களுக்குள் போய்விடும். இரத்தத்தில் அவை குறைந்தால் இதயத்துடிப்பு தாறுமாறாகும், மூச்சுவிடும் தசைகள் தளரும். அதனால்தான் ஒரு கிலோ எடைக்கு நாளொன்றுக்கு 10 கலோரிக்கு மேல் போகாமல் தொடங்குகிறார்கள். 50 கிலோ இருந்தால் வெறும் 500. பிறகு நாலிலிருந்து ஏழு நாளில் மெல்லக் கூட்டுவார்கள். சாப்பாட்டுக்கு முன்பே தயமின் (வைட்டமின் பி1) கொடுத்துவிடுவார்கள். கால் வீங்கினாலோ, மூச்சு வாங்கினாலோ, பேச்சு குழம்பினாலோ உடனே நர்ஸிடம் சொல்.

வீட்டுக்கு வந்த பிறகும் பசி சட்டென்று அடங்காது. 1944-45இல் அமெரிக்காவின் மின்னசோட்டாவில் 36 பேரை ஆறு மாதம் அரைப்பட்டினியில் வைத்து ஆராய்ந்தார்கள். அதன்பின் வயிறு முட்டச் சாப்பிட்டும் பலருக்குப் பசி மாதக்கணக்கில் போகவில்லை. தலையணைக்கடியில் தின்பண்டம் ஒளித்து வைத்தால் எடுத்தெறியாதே. மூடிபோட்ட டப்பா ஒன்றைக் கட்டிலருகே வைத்து, தீரத் தீர நிரப்பு.

தூங்குபவரைத் தொட்டு எழுப்பாதே. கால்மாட்டில், கை எட்டாத தூரத்தில் நின்று குரல் கொடு. திடுக்கிட்டுக் கை வீசினாலும் அது உன்மேல் கோபமில்லை.

அடைபட்டிருந்த இடத்தில் கழிப்பறைக்குப் போகக்கூட இன்னொருவர் அனுமதி வேண்டியிருந்திருக்கும். ஆகவே கதவைச் சாத்துவதா, விளக்கை அணைப்பதா, அவரே சொல்லட்டும். "உங்கள் இஷ்டம்" என்று பொதுவாகச் சொன்னால் திணறிப்போவார். இதுவா அதுவா என்று இரண்டை மட்டும் கேள். இத்தனை நாள் நீ சுமந்த வீட்டுப்பொறுப்பை ஒரே நாளில் அவர் தலையில் இறக்காதே, ஒரேயடியாக ஒதுக்கியும் வைக்காதே. முதல் மாதம் ஒரு வேலை, பழகியதும் இன்னொன்று.

"என்ன செய்தார்கள்?" என்று யாரும் துருவ விடாதே, உறவுக்காரர்களையும் சேர்த்துத்தான். வியட்நாமில் பிடிபட்ட அமெரிக்கப் போர்க்கைதிகள் ஐந்துக்கு ஐந்து கட்டமாக ஆங்கில எழுத்துகளை அடுக்கி, குறுக்கு வரிசைக்குச் சில தட்டு, செங்குத்து வரிசைக்குச் சில தட்டு என்று சுவர்வழியே பேசிக்கொண்டார்கள். தனிக்கொட்டடியில் கிடந்தவருக்கு அந்தத் தட்டல்தான் துணை. மாப்பிள்ளையோடு அடைபட்டிருந்தவர்களும் அவருக்கு அப்படிப்பட்ட துணைதான்; அவர்கள் போன் செய்தால் நீ அறையைவிட்டு எழுந்துபோய்விடு. உன்னிடம் சொல்லாததை அவர்களிடம் சொல்லுவார். அதில் உனக்கு வருத்தம் வேண்டாம்.

ஒன்று மட்டும் தள்ளிப்போடாதே. குடி கூடினாலோ, "நான் இல்லாவிட்டால் உனக்கு நிம்மதி" என்ற மாதிரி பேச்சு வந்தாலோ அன்றைக்கே டாக்டர். அதுவரை தனியாக விடாதே. துப்பாக்கி, மாத்திரை எதுவும் கைக்கெட்டும் இடத்தில் இருக்கக்கூடாது.

டிஸ்சார்ஜ் தேதி தெரிந்ததும் சொல். அதற்கு முந்தின நாளே வந்துவிடுகிறேன்.

அம்மா