லிஸ் ஸ்மித்தையும் எழுதுங்க

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

உங்க ஞாயிறு இணைப்புல பிரிட்டிஷ் நடிகைகள் பத்தி வந்த கட்டுரைய படிச்சேன். ஜூடி டென்ச், மேகி ஸ்மித் ரெண்டு பேரையும் பத்தி விலாவாரியா எழுதியிருந்தீங்க, அவங்களுக்கு அது தகும். ஆனா மேகி ஸ்மித்துக்கு பாஃப்டா (பிரிட்டனோட பெரிய சினிமா விருது) வாங்கிக் குடுத்த 'எ பிரைவேட் ஃபங்ஷன்' படத்த பத்தி சொல்லிட்டு, அதே படத்துக்கு துணை நடிகைக்கான பாஃப்டா வாங்கின லிஸ் ஸ்மித் பேர ஒரு வரில கூட சொல்லலையே, அதுதான் மனசுக்கு கஷ்டமா இருந்துச்சு. 1984ல வந்த அந்தப் படத்துல மேகிக்கு அம்மாவா நடிச்சவங்க அவங்கதான், நிஜத்துல ரெண்டு பேருக்கும் 13 வயசுதான் வித்தியாசம்!

அவங்க வந்த வழிய பாருங்க. 1921ல இங்கிலாந்துல ஸ்கன்தார்ப்ங்கற ஊர்ல பொறந்தாங்க, சின்ன வயசுலயே அம்மா தவறிட்டாங்க, அப்பாவும் விட்டுட்டுப் போயிட்டாரு, பாட்டிதான் வளர்த்தாங்க. போர் சமயத்துல கடற்படைல வேலை, அப்புறம் கல்யாணம், ரெண்டு பிள்ளைங்க, விவாகரத்து. ஒத்தை ஆளா பிள்ளைங்கள வளர்க்க கிடைச்ச வேலையெல்லாம் பாத்துக்கிட்டே நடிப்பையும் விடாம பிடிச்சுக்கிட்டு இருந்தாங்க. லண்டன்ல ஹாம்லீஸ் கடைல பொம்மை வித்துக்கிட்டு இருந்தப்பதான் டைரக்டர் மைக் லீ தன்னோட முதல் படத்துக்கு கூப்பிட்டாரு. 'ப்ளீக் மொமென்ட்ஸ்', 1971ல வந்துச்சு. அப்போ இவங்களுக்கு கிட்டத்தட்ட அம்பது வயசு, எல்லாரும் இனிமே என்ன இருக்குன்னு ஒதுங்குற வயசுல இவங்களுக்கு சினிமாவே ஆரம்பிச்சுது.

அதுக்கப்புறம் டிவில அவங்க இல்லாத வருஷமே இல்லங்கற மாதிரி நடிச்சாங்க. 'தி விகார் ஆஃப் டிப்ளி'ல வாய்ல வைக்க முடியாத மாதிரி எதையாவது கலந்து சமைக்கிற லெட்டீஷியா அவங்கதான். நம்ம ஊர் பிள்ளைங்க பாத்த 'சார்லி அண்ட் த சாக்லேட் ஃபேக்டரி'ல கட்டில்ல படுத்திருக்கிற பாட்டிங்கள்ல ஒருத்தரும் இவங்கதான்.

ஆனா எனக்கு எல்லாத்துக்கும் மேல 'தி ராயில் ஃபேமிலி' பாட்டிதான். அந்தத் தொடர்ல சிரிப்பு சத்தம் சேர்க்க மாட்டாங்க, மான்செஸ்டர்ல ஒரு குடும்பம் சோஃபால உக்காந்து டிவி பாத்துக்கிட்டு பேசிக்கிட்டே இருக்கும், அவ்வளவுதான் கதையே. 2006ல வந்த ஸ்பெஷல் எபிசோட்ல பாட்டிக்கு முடியாம போய், ஹால்லயே கட்டில் போட்டு படுக்க வெச்சிருப்பாங்க. மக பார்பரா, அதாவது சூ ஜான்ஸ்டன், அம்மாவுக்கு தலை சீவி விடுற சீன் ஒண்ணு வரும். லிஸ் ஸ்மித் அதுல பெருசா ஒண்ணுமே பண்ண மாட்டாங்க, மக கைக்கு தலைய குடுத்துட்டு படுத்திருப்பாங்க, பாக்குற நமக்கு தொண்டைய அடைச்சுக்கும். அப்போ அவங்களுக்கு 84 வயசு. சும்மா காமெடி பாட்டின்னு சொல்லிட்டுப் போறவங்க அந்த ஒரு எபிசோட பாத்தாப் போதும்.

2016 கிறிஸ்துமஸ் ஈவ் அன்னிக்கு காலமானாங்க. அடுத்த இணைப்புல அவங்களுக்கு அரை பக்கமாவது ஒதுக்குங்க சார், கூடவே சூ ஜான்ஸ்டன் மாதிரி மத்த குணச்சித்திர நடிகைகளையும் வரிசையா எழுதுங்க. ஹீரோயின பத்தி எழுத எல்லா பத்திரிகையும் இருக்கு, இவங்கள நீங்க எழுதணும்.

இப்படிக்கு,
உங்க வாசகி, மதுரை