மீந்த பேஸ்ட்ரியில் புட்டிங்: சர்க்கரையைக் கூட்டாதீர்கள், கழியுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

பத்திரிகைகளின் சமையல் பக்கங்களில் பிரெட் புட்டிங் குறிப்பு ஆண்டுக்கு இரண்டு முறையாவது வந்துவிடுகிறது. பெரும்பாலும் ஒரே வாசகம்தான்: மீந்த பிரெட் அல்லது பன் கொஞ்சம், பால் அரை லிட்டர், சர்க்கரை ஒரு கப், முட்டை இரண்டு, வேகும் வரை ஆவியில் வையுங்கள். வெள்ளை பிரெட்டுக்கே அந்தச் சர்க்கரை அதிகம். இப்போது சேலத்து வீடுகளில் மிஞ்சுவதோ பிரெட் மட்டுமல்ல. அடுக்கடுக்கான குரோசான், பாகு பூசிய டேனிஷ், ஜாம் பன், தேங்காய் பன், தேங்காய்ப் பூரணம் வைத்த தில்பசந்த், டீ கேக், கிறிஸ்துமஸ் முடிந்தால் பிளம் கேக் என்று ஃபிரிட்ஜில் டப்பா டப்பாவாகக் கிடக்கிறது. இவற்றையெல்லாம் பிரெட் கணக்கில் பாலில் போட்டால் புட்டிங் உறைவதில்லை. பழி முட்டை மேலோ அடுப்பு மேலோ விழுகிறது. பேக்கரி அடுப்படியில் வேலை பார்ப்பவர்கள் என்ற முறையில், அளவோடும் காரணத்தோடும் இதைச் சொல்ல விரும்புகிறோம்.

முதலில் கணக்கு. குரோசானில் ஏற்கெனவே வெண்ணெய் இருக்கிறது, டேனிஷின் தலையில் சர்க்கரைப் பாகு இருக்கிறது, கேக்கில் இரண்டும் இருக்கின்றன. குறிப்பில் சொன்ன சர்க்கரையை அதன்மேல் சேர்த்தால் தித்திப்பு கூடுவதோடு போகாது. சர்க்கரை கூடக் கூட முட்டை உறைவதற்கு இன்னும் அதிகச் சூடு தேவைப்படும். நாற்பது நிமிடத்தில் தொட்டுப் பார்த்தால் தளதளவென்று இருக்கும், இன்னும் வேகட்டும் என்று விடுவோம். நடு உறைவதற்குள் ஓரம் திரிந்து நீர் விட்டிருக்கும். "என் புட்டிங் எப்போதும் தண்ணீர் விடுகிறது" என்பவர்களில் பலருக்கு நோய் அடுப்பில் இல்லை, சர்க்கரை டப்பாவில் இருக்கிறது.

எனவே 250 கிராம் பண்டத்துக்குச் சர்க்கரை இப்படி: சாதா பிரெட் என்றால் 80 கிராம். மேலே பாகு பூசாத குரோசான் 60. இனிப்பு பன், ஜாம் பன், தேங்காய் பன் 50. பாகு பூசிய டேனிஷ், தில்பசந்த் 30. பிளம் கேக்குக்கு ஒன்றுமே வேண்டாம், ஒரு சிட்டிகை உப்பு போதும். 250 கிராம் என்பது நடுத்தர குரோசான் நான்கு, அல்லது கைக்கு அடக்கமான பன் ஐந்து. கிராம் தராசு இல்லாத வீட்டில் மேஜைக்கரண்டி ஒன்றுக்குத் தலைதட்டிய சர்க்கரை சுமார் 12 கிராம் என்று வைத்துக்கொள்ளலாம்.

பாலும் முட்டையும்: குரோசானுக்கு 450 மில்லி பால், 3 முட்டை. சாதா பிரெட், பன்னுக்கு 500 மில்லி, அதே 3 முட்டை. கத்தியால் துண்டு போட்டு டிபன் பாக்ஸில் கொடுத்தனுப்ப வேண்டுமென்றால் 4 முட்டை. 1997 வரை நம் மாவட்டத்தோடேயே இருந்த நாமக்கல்லிலிருந்து வரும் முட்டையில் ஓடு நீக்கினால் ஏறத்தாழ 45 முதல் 50 கிராம் தேறும், அந்தக் கணக்கில்தான் இது. பாலைக் காய்ச்சிய பிறகு அளக்க வேண்டும், முன்பு அல்ல. அரை லிட்டர் பாக்கெட்டைப் பொங்கவிட்டு ஐந்து நிமிடம் மறந்தால் பாத்திரத்தில் அரை லிட்டர் இருக்காது. வெண்ணெய்ப் பண்டத்துக்குக் கொழுப்பு குறைந்த நீல பாக்கெட் பாலே போதும். கொழுப்பு கூடிய ஆரஞ்சு பாக்கெட்டும் போட்டு மேலே நெய்யும் ஊற்றினால் இரண்டு வாய்க்கு மேல் யாரும் சாப்பிட மாட்டார்கள்.

அடுத்து, எந்தப் பண்டத்தைத் தொடவே கூடாது என்பது. பூஞ்சை ஒரு புள்ளி தெரிந்தாலும் அந்த பன் முழுவதும் குப்பைக்கு. பன் மெத்தென்ற பொருள், வேர் உள்ளே எவ்வளவு தூரம் ஓடியிருக்கிறது என்று கண்ணுக்குத் தெரியாது, பச்சையாக இருப்பதைக் கிள்ளி எறிந்துவிட்டு மீதியை வேகவைப்பது பாதுகாப்பு ஆகாது. ஏப்ரல், மே வெயிலில் இன்னொன்று வரும்: பிரெட்டைப் பிய்த்தால் நடுவில் நூல் நூலாக இழுக்கும், அளவு மீறிப் பழுத்த பழத்தின் வாடை அடிக்கும். அது பாக்டீரியா வேலை, அதையும் எறிந்துவிடுங்கள். கிரீம் கேக்கின் கிரீம் சூட்டில் எண்ணெயாகப் பிரியும். வழித்தெடுத்துவிட்டு கேக்கை மட்டும் எடுக்கலாம், கிரீம் வெளியில் வைத்துப் புளித்திருந்தால் அதுவும் வேண்டாம். வெஜ் பப்ஸ், முட்டை பப்ஸ் மசாலாவை எடுத்துவிட்டாலும் வெங்காய வாடை அந்த மாவு அடுக்கில் நிற்கும். இனிப்பு புட்டிங்குக்கு ஆகாது.

பழசு என்பதும் காய்ந்தது என்பதும் ஒன்றல்ல. இதுதான் பலரும் தவறவிடும் இடம். பன் கெட்டிப்படுவது பெரும்பாலும் தண்ணீர் போவதால் அல்ல, வெந்த மாவுச்சத்து மறுபடி இறுகுவதால். ஃபிரிட்ஜின் குளிர்தான் இந்த இறுக்கத்தை மிக வேகமாக நடத்துகிறது. ஃபிரிட்ஜில் வைத்த பன் கல்லாக இருக்கும், ஆனால் உள்ளே ஈரம் அப்படியே இருக்கும். ஈரம் வெளியே போனால்தானே பால் உள்ளே வரும்? ஆகவே ஒன்றரை அங்குலத் துண்டுகளாகப் பிய்த்து, ஓ.டி.ஜி.யில் (வீட்டு மின்சார அவனில்) 150 டிகிரியில் 10 முதல் 12 நிமிடம் வையுங்கள். அடுப்பு மட்டும்தான் என்றால் தோசைக்கல்லைச் சிறு தீயில் வைத்து, திருப்பித் திருப்பி 7 நிமிடம். நிறம் மாற வேண்டியதில்லை. ஒரு துண்டை எடுத்து நசுக்கினால் ஓரம் பொடியவும் நடு லேசாக வளையவும் வேண்டும், அதுதான் பதம். ஏற்காட்டில் இருப்பவர்கள் இதை முந்தின நாளே செய்து வைக்க வேண்டாம். மழைக்காலத்தில் அந்த மூடுபனிக் காற்றில் காய்ந்த துண்டு ராத்திரிக்குள் நமத்துப் போகும். பால் காயும் நேரத்தில் வாட்டிக்கொள்வதே சரி. சேலத்தில் வாங்கி 20 கொண்டை ஊசி வளைவு ஏறிப் போகும் குரோசான் பெட்டியின் அடியில் செதில் செதிலாக உதிர்ந்து கிடக்கும் அல்லவா, அதையும் கொட்டிவிடாதீர்கள். கடைசியில் மேலே தூவ அதைவிட நல்ல பொருள் கிடையாது.

முட்டையை நுரைக்க நுரைக்க அடிக்கக் கூடாது. நுரை அப்படியே வெந்து, புட்டிங்கில் பஞ்சுபோல் ஓட்டைகள் விழும். முள்கரண்டியால் மஞ்சளும் வெள்ளையும் கலந்தால் போதும். சர்க்கரை, உப்பு, அரைத் தேக்கரண்டி வெனிலா சேர்த்து, கை பொறுக்கும் அளவுக்கும் சற்றே கூடுதலான சூட்டில் இருக்கும் பாலைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக் கிளறி, டீ வடிகட்டியில் வடிகட்டுங்கள். வடிகட்டியில் தங்கும் வெள்ளைத் திரிகள்தான் பிறகு வாயில் தட்டுப்படும் முட்டைக் கட்டிகள். முட்டை வாடை வருகிறது என்பதற்கு இது பாதிக் காரணம், மீதிக் காரணம் அளவுக்கு மேல் வேகவைப்பது. நாட்டுச்சர்க்கரையோ பனைவெல்லமோ போடுபவர்கள் கொதிக்கும் பாலில் போடாதீர்கள், பால் திரியும். பால் ஆறிய பிறகு கலந்து வடிகட்டுங்கள்.

ஏழு அங்குலப் பாத்திரம், இரண்டரை அங்குல உயரம். உள்ளே வெண்ணெய் தடவித் துண்டுகளை அடுக்கி, பால் கலவையை ஊற்றினால் எல்லாம் மிதக்கும். அப்படியே அடுப்பில் ஏற்றினால் மேலே முறுக்கு, கீழே களி. ஒரு சிறு தட்டைக் கவிழ்த்து லேசாக அழுத்தி 20 நிமிடம் விடுங்கள். குரோசானாக இருந்தால் அந்த நேரத்தில் தட்டைத் தூக்கிப் பாருங்கள்: அடுக்குகளின் இடுக்கிலிருந்து பொட்டுப் பொட்டாகக் குமிழி மேலே வரும், ஓரத்துச் செதில் மெதுவாக நிறம் மங்கிப் படியும். குமிழி நின்றால் பால் உள்ளே போய்விட்டது என்று பொருள். டீ கேக், பிளம் கேக் துண்டுகளை இப்படி ஊறவைத்தால் கரைந்து கூழாகிவிடும். அவற்றுக்குப் பால் 300 மில்லி, முட்டை 2, ஊற்றிய கையோடு வேகவைக்க வேண்டும்.

வேகும் சூடுதான் எல்லாவற்றையும்விட முக்கியம். பாலும் சர்க்கரையும் கலந்த முட்டை சுமார் 80 முதல் 85 டிகிரியில் உறையும். அதற்கு மேல் போனால் புரதம் இறுகி, பிடித்திருந்த நீரைப் பிழிந்து வெளியே விடும். கரண்டியால் ஒரு பங்கு எடுத்த பள்ளத்தில் இரண்டு நிமிடத்தில் மஞ்சள் நீர் ஊறி நிற்பது இதனால்தான். ஓ.டி.ஜி.யில் செய்பவர்கள் பெரிய தட்டில் வெந்நீர் ஊற்றி, புட்டிங் பாத்திரத்தின் பாதி உயரத்துக்கு நீர் நிற்கும்படி வைத்து, 160 டிகிரியில் 40 முதல் 45 நிமிடம். இட்லிப் பானையில் செய்பவர்கள் நீர் கொதித்ததும் தீயைக் குறைத்து, மூடி படபடவென்று ஆடாத அளவில் வைக்க வேண்டும். எவர்சில்வர் பாத்திரம் சட்டென்று சூடேறும், அடியில் நான்காக மடித்த துணி போடுங்கள். பாத்திரத்தின் வாயைத் தட்டால் மூடுங்கள், இல்லையென்றால் மூடியில் கோத்த நீர் சொட்டிச் சொட்டிப் பள்ளம் விழும். குக்கர் என்றால் கேஸ்கெட்டும் வெயிட்டும் வேண்டாம். விசில் போடும் அழுத்தத்தில் சூடு 100 டிகிரியைத் தாண்டிவிடும், புட்டிங் பிழைக்காது.

இங்கே சேலத்துக்கும் மலைக்கும் ஒரு வித்தியாசம் இருக்கிறது. கடல் மட்டத்திலிருந்து ஏறக்குறைய 1,500 மீட்டர் உயரத்தில் இருக்கும் ஏற்காட்டில் தண்ணீர் சுமார் 95 டிகிரியிலேயே கொதித்துவிடும், சேலத்தில் 99. பருப்பு வேகத் தாமதமாகிறது என்று மலையில் அலுத்துக்கொள்வோம், ஆனால் புட்டிங்குக்கு அந்த மென்மையான ஆவி நல்லது. சேலத்தில் 35 முதல் 40 நிமிடம் என்றால், ஏற்காட்டில் 45 முதல் 50 வரை விடலாம். இரண்டு ஊரிலும் நிறுத்தும் பதம் ஒன்றே: பாத்திரத்தை லேசாக ஆட்டினால் ஓரம் அசையாமல், நடுவில் ஒரு ரூபாய் நாணயத்தைவிடச் சற்றுப் பெரிய வட்டம் மட்டும் ததும்ப வேண்டும். அது வெளியே எடுத்த பிறகு, உள்சூட்டிலேயே உறைந்துவிடும். முழுதும் உறையக் காத்திருந்தால் தாமதம்தான்.

பப்ஸ் மாவில் செய்த இனிப்புப் பண்டங்களுக்குத் தனியே ஒரு எச்சரிக்கை. பல கடைகளில் அந்த மாவை வெண்ணெயில் செய்வதில்லை, உருகுநிலை கூடிய மார்ஜரினில்தான் செய்வார்கள். அடுக்கு அடுக்காக வர அது வசதி. ஆனால் அதில் செய்த புட்டிங்கைக் குளிரவைத்துச் சாப்பிட்டால் மேலண்ணத்தில் மெழுகு பூசியதுபோல் ஒட்டும். வாட்டும்போது காகிதத்தில் வைத்து எண்ணெயை ஒற்றி, பாதிக்குப் பாதி சாதா பிரெட் கலந்து, சூடாகவே பரிமாறுங்கள். வெண்ணெய் குரோசானுக்கு இந்தத் தொல்லை இல்லை, குளிர்ந்தாலும் நன்றாக இருக்கும்.

முட்டை சேர்க்காதவர்களுக்கு: கஸ்டர்ட் பவுடர் என்பது நிறமும் மணமும் சேர்த்த சோளமாவு. 500 மில்லி பாலுக்கு 3 மேஜைக்கரண்டி, குளிர்ந்த பாலில் கரைத்துக் கொதிக்கும் பாலில் ஊற்றி, கொப்பளம் வந்த பிறகும் இரண்டு நிமிடம் விடாமல் கிளற வேண்டும். பாதியில் இறக்கினால் மாவு வாடை போகாது, ஆறியதும் தளர்ந்துவிடும். வாட்டிய துண்டுகள் மேல் சூடாக ஊற்றி, ஆறவிட்டு ஃபிரிட்ஜில் மூன்று மணி நேரம். ஆவியில் வைக்கத் தேவையே இல்லை. நம் ஊர் ஜவ்வரிசியும் உதவும், 40 கிராமை ஒரு மணி நேரம் ஊறவைத்துப் பாலில் கண்ணாடியாக வேகவிட்டு ஊற்றலாம், ஆனால் அது கரண்டியால் எடுத்துச் சாப்பிடும் பதம், துண்டு வராது.

மணத்துக்கு வெளியே தேட வேண்டாம். 1820களில் சேலம் கலெக்டர் காக்பர்ன் ஏற்காடு இருக்கும் சேர்வராயன் மலையில் கொண்டுவந்த காப்பி இன்றும் அங்கே விளைகிறது. கெட்டி டிகாஷன் இரண்டு மேஜைக்கரண்டி, அதே அளவு பாலைக் குறைத்துக்கொண்டு ஊற்றினால் வெண்ணெய்ப் பண்டத்தின் திகட்டல் அடங்கும். மலை ஆரஞ்சு என்றால் தோலின் மேல் நிறத்தை மட்டும் துருவுங்கள். கீழே உள்ள வெள்ளை கசக்கும், சாறு சூடான பாலைத் திரிக்கும். மல்கோவாவை உள்ளே போட்டு வேகவைக்காதீர்கள், அதன் நீர் முழுவதும் புட்டிங்கில் இறங்கும். பக்கத்தில் நறுக்கி வையுங்கள்.

வெந்த புட்டிங் இருபது நிமிடம் ஆறினால்தான் துண்டு நிற்கும். அதன் பிறகு மேசையில் கிடத்தக் கூடாது. பாலும் முட்டையும் கலந்தது, சேலத்து மே மாத வெயிலில் ஒரு மணி நேரமே அதிகம். ஃபிரிட்ஜில் மூடி வைத்து மூன்று நாளுக்குள் தீர்க்க வேண்டும். மறுபடி சூடாக்க ஆவியில் ஐந்து நிமிடம் போதும், முன்பு எடுத்து வைத்த செதிலைத் தோசைக்கல்லில் ஒரு புரட்டுப் புரட்டி அப்போது மேலே தூவுங்கள். சமையல் பக்கத்தில் அடுத்த முறை இந்தக் குறிப்பு வரும்போது பண்டத்தின் பெயரையும் அதற்குரிய சர்க்கரையையும் கிராமில் அச்சிடும்படி கேட்டுக்கொள்கிறோம்.

இப்படிக்கு,
பேக்கரித் தொழிலாளர்கள் சிலர்,
செவ்வாய்ப்பேட்டை, சேலம்.